ரசிகர் அறுபத்துமூவர்

திருவண்ணாமலை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்பக்கத் தெருவில் இருக்கும் ஃபிளெக்ஸ் கடையில் வினோதினி பத்தொன்பது வருஷமாக முகம் வெட்டிக்கொண்டிருக்கிறாள். பயப்பட ஒன்றுமில்லை. பிறந்தநாள், காதுகுத்து, கண்ணீர் அஞ்சலி என்று எதற்குப் பேனர் அடித்தாலும் அடியில் வரிசையாகச் சின்னச் சின்ன முகங்கள் நிற்குமே, கூலிங் கிளாஸ் போட்டுக்கொண்டு, காதில் செல்போனை வைத்துக்கொண்டு, அந்த முகங்களைப் போட்டோவிலிருந்து கம்ப்யூட்டரில் வெட்டியெடுத்து ஒட்டுகிற வேலை. ஒரு நாளைக்கு நூறு முகம். திருவிழா நேரத்தில் இன்னும் ஜாஸ்தி. கண் எரியும், கழுத்து பிடித்துக்கொள்ளும். யார் முகம் பெரிசு, யார் முகம் ஓரம் என்று சண்டை வந்தால் அதையும் அவள்தான் தீர்க்க வேண்டும். ஒருமுறை மாமனும் மச்சானும் கடைக்குள்ளேயே சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். மச்சானின் முகம் அரை அங்குலம் பெரிசாகிவிட்டதாம்.

"வெளிய போய் அடிச்சிக்குங்க. கீபோர்டு மேல விழுந்துடாதீங்க" என்று சொல்லிவிட்டு அவள் வேலையைப் பார்த்தாள்.

கீழ்பென்னாத்தூர் பக்கம் நெல்லும் மல்லாட்டை என்கிற வேர்க்கடலையும் போடுகிற வீட்டில் பிறந்தவள். சின்னதிலிருந்தே முகம் வரைவாள். நோட்டின் கடைசிப் பக்கத்தில் வாத்தியார் இருப்பார், பக்கத்து பெஞ்சுப் பெண் இருப்பாள், சத்துணவு ஆயா இருப்பாள். "மூஞ்சி வரைஞ்சிக்கினு இருந்தா சோறு வந்துடுமா?" என்று அம்மா பச்சையம்மாள் திட்டுவாள். பின்னால் சோறு போட்டதென்னவோ அந்த மூஞ்சிகள்தான். பன்னிரண்டாவது முடித்து நாலு வருஷம் வீட்டில் இருந்தவளை, திருவண்ணாமலையில் ஆட்டோ ஓட்டுகிற காசிக்குக் கட்டிக்கொடுத்தார்கள்.

காசி நல்ல மனுஷன். குடி கிடையாது, கை நீட்டுகிறது கிடையாது. ஒரே ஒரு பைத்தியம், நடிகர் தீரேந்தர். ஊரில் தீரேந்தருக்கு மன்றம் வைத்ததே காசிதான். இன்றைக்கும் அவன்தான் தலைவன். ஒரு பக்கப் புருவத்தைத் தூக்கிப் பார்ப்பார் தீரேந்தர், நெற்றியில் ஒரு சுருள் முடி விழுந்திருக்கும். அதை காசி கண்ணை மூடிக்கொண்டு வரைவான். சுவரில், ஆட்டோ முதுகில், மளிகைச் சீட்டின் பின்னால், எங்கே கை வைத்தாலும் அந்தப் புருவம் வந்துவிடும்.

அவர்கள் கல்யாணத்துக்கு வாசலில் வைத்த தட்டியை மாப்பிள்ளையே வரைந்தான். அதில் தீரேந்தர் ஆளுயரம், மாப்பிள்ளை ஒரு முழம். பெண்ணுக்குப் பெயர் மட்டும்தான் இருந்தது. மூன்றாம் நாள் அவள் கேட்டேவிட்டாள்.

"என்னை ஏங்க வரையல?"

"பொண்ணு மூஞ்சியை எப்டி வினோ உத்து உத்துப் பாக்கறது? எனக்கு வராது" என்று சிரித்தான்.

அது ஆகிறது இருபத்தாறு வருஷம். தீரேந்தர் படம் வருகிறபோதெல்லாம் காசி விடியக் காலையில் பால் குடத்தோடு போனான். தீரேந்தர் பிறந்தநாளுக்கு மன்றத்தில் அன்னதானம் போட்டால், வெங்காயம் உரித்தவளும் அண்டா கழுவியவளும் வினோதினி. மகள் இனியாவுக்குப் பெயர் வைத்ததும் அவர் படத்துக் கதாநாயகியைப் பார்த்துத்தான். அவளும் கல்யாணமாகி ஆரணிக்குப் போய்விட்டாள். தீரேந்தருக்கும் வயதாகிப் படம் கம்மியாகிவிட்டது. ஆனாலும் காசி ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மன்றத்துக்குப் போனான். பத்துப் பேர் பழைய பெஞ்சில் உட்கார்ந்து டீ குடித்துவிட்டு வருவார்கள்.

இதையெல்லாம் வினோதினி கோபமாக நினைத்துக்கொள்வதில்லை. கோபப்படவும் ஒரு தெம்பு வேண்டும் இல்லையா? அலுத்துப்போயிருந்தாள், அவ்வளவுதான்.

போன தீபத் திருவிழாவில் ஒரு காரியம் நடந்தது. ஆறாம் நாள் காலையில் அறுபத்துமூவர் உலா. பள்ளிக்கூடப் பிள்ளைகள் நாயன்மார்களைத் தோளில் தூக்கிக்கொண்டு மாட வீதியில் வந்தார்கள். அண்ணாமலையார் எப்போது வருவார் என்று எல்லாருடைய கண்ணும் அங்கேயே இருந்தது. வினோதினிக்கு மட்டும் முகம் பார்த்துப் பழகிய கண். ஒவ்வொரு நாயன்மாராகப் பார்த்தாள். அறுபத்துமூன்று பேரும் ஒரே சாமிமேல் பைத்தியமாக இருந்தவர்கள். இருந்தும் எல்லாரையும் தனித்தனியாக எடுத்து வைத்து, பேர் சொல்லி, பூப்போட்டு, வீதி வலம் கொண்டுவருகிறார்களே என்று நெஞ்சு நிறைந்தது. சாமியோடு சினிமாக்காரரை வைத்துப் பேசக் கூடாது, அபசாரம். அவள் அப்படி வைக்கவில்லை. அவள் நினைத்தது அடியார்களைப் பற்றி. மன்றத்துப் பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற அந்தப் பத்துப் பேரைப் பற்றி.

செங்கம் ரோட்டில், ரமணாசிரமத்துக்குக் கொஞ்சம் தள்ளி, சைலஜா மேடம் அறைகள் வாடகைக்கு விடுகிறார். கீழே ஒரு நீளக் கூடம். வெளியூர்க்காரர்கள் தாங்கள் வரைந்த படங்களை அதில் கண்காட்சி வைப்பார்கள். அந்தக் கூடத்துக்குப் பேனர் அடித்துக் கொடுக்கப் போன இடத்தில் வினோதினிக்கு எப்படித்தான் வாய் வந்ததோ, "மேடம், நானும் ஒண்ணு செய்யட்டுமா?" என்று கேட்டுவிட்டாள்.

"உனக்கு இல்லாததா? என்ன செய்யப் போறே?"

"எங்க ஊட்டுக்காரர் மன்றத்து ஆளுங்க மூஞ்சி மேடம். நான் வரையப் போறதில்ல. அவங்களே வரைவாங்க."

சைலஜா மேடம் பௌர்ணமியிலிருந்து பதினைந்து நாள் மாட்டிவைக்கக் கூடத்தைக் கொடுத்தார். அதற்கு முன்னால் அங்கேயே உட்கார்ந்து வரைந்துகொள்ளவும் சொன்னார். பௌர்ணமிக்குக் கிரிவலம் போகிற ஜனமெல்லாம் அந்த ரோட்டில்தான் நடக்கும்.

வினோதினி காடாத் துணியை முழத்துக்கு முழம் சதுரமாக வெட்டி அறுபத்துமூன்று துண்டு எடுத்துக்கொண்டாள். கறுப்பு மார்க்கர் ஒரு டப்பா. ஒரு துண்டுக்கு ஒரு முகம். அவள் வைத்த சட்டம் கொஞ்சம்தான். தன் முகத்தைத் தானே வரையக் கூடாது. எதிரே உட்கார்ந்திருக்கிறவரைப் பார்த்து வரைய வேண்டும். தலைவர் தீரேந்தர் முகத்தை வரையவே கூடாது.

காசிக்கு அந்தக் கடைசிச் சட்டம் பிடிக்கவில்லை.

"தலைவர் இல்லாத பேனர் எந்த ஊர்லமே இருக்குது?"

"இது பேனர் இல்லீங்க."

"வேற இன்னா?"

அவளுக்கும் அதற்குச் சரியான பேர் தெரியவில்லை. "உங்க ஆளுங்களைத்தான் வரையச் சொல்றேன். நீங்களும் வந்து உக்காருங்க."

"தலைவர் இல்லாத துணியில என் மூஞ்சி வேணாம்" என்று ஆட்டோச் சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

ஆனால் மற்றவர்கள் வந்தார்கள். மூன்று வாரம், கடை முடிந்து தினமும் சாயங்காலம். ஞாயிற்றுக்கிழமை முழு நாள். வீட்டில் சமைத்து வைத்துவிட்டு, பஸ் பிடித்து, கூடத்தைப் பெருக்கி, நாற்காலி போட்டு, வருகிறவர்களுக்கு டீ வாங்கிவைத்து வினோதினி ஓய்ந்துபோனாள். மெலிந்து ஜாக்கெட் தோளில் நிற்கவில்லை. படுத்தால் தூக்கம் வராது, உட்கார்ந்தால் கண் சொருகும்.

முதல் நாள் வந்தது பூக்கார சரசுவும் வெல்டிங் பட்டறை வல்லரசுவும். தீரேந்தர் கட்அவுட்டுக்கு மாலை என்றால் சரசுதான் கட்டுவாள். வல்லரசு சாரம் கட்டுவான். இரண்டு பேரையும் எதிரெதிரே உட்கார வைத்து மார்க்கரைக் கையில் கொடுத்தாள்.

"அண்ணே, ஆடாத. உன் மூக்கு எங்க முடியுதுன்னே தெரியல" என்றாள் சரசு.

"நீ வரைமே. அது பாட்டுக்கு முடியும்."

"இருபது வருஷமா ஒரே வேன்ல படத்துக்குப் போறோம். கன்னத்துல இம்மாம் பெரிய தழும்பு வச்சிருக்க, இன்னிக்குத்தான் பாக்கறேன்."

"வேலூர் தியேட்டர்ல கேட் ஏறிக் குதிச்சேனே, அன்னிக்குக் கம்பி கிழிச்சது. தலைவர் குடுத்த விழுப்புண்ணு."

"விழுப்புண்ணா? டிக்கெட் இல்லாம குதிச்சதுக்குப் பேரு விழுப்புண்ணா?"

கூடமே சிரித்தது. வினோதினியும் சிரித்தாள். சிரித்து வெகுநாள் ஆகியிருந்தது. முடிந்ததும் வல்லரசு தன் முகத் துணியைத் தூக்கிப் பிடித்து, "அச்சு அசலா நானே! எங்க ஆயா உசுரோட இருந்தா அழுதுடும்" என்று அதோடு செல்ஃபி எடுத்துக்கொண்டான்.

அப்புறம் சொல்லச் சொல்ல ஆள் வந்தது. கறிக்கடைக்காரர், மெடிக்கல் ஷாப்பில் நிற்கிற ஆர்த்தி, தண்டராம்பட்டிலிருந்து அண்ணன் தம்பி மூன்று பேர். மூன்று பேரையும் வட்டமாக உட்கார வைத்து ஒருவரை ஒருவர் வரையச் சொன்னாள். வரைந்து முடித்த முகத்தை அவள் நின்று பார்க்கவில்லை. மை ஒட்டாமல் காய வைத்து, அடுக்கி, பெட்டியில் போட்டாள். நாள் பூராவும் முகத்தையே பார்த்த கண்ணுக்கு அந்த நேரத்தில் எதுவும் ஏறாது.

பௌர்ணமிக்கு முதல் நாள் கடைக்கு லீவு சொல்லிவிட்டுக் காலையிலேயே வந்தாள். கூடத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு நைலான் கயிறு கட்டி, அறுபத்தோரு துணியையும் கிளிப் போட்டு மாட்டினாள். சரசு ஸ்டூலைப் பிடித்துக்கொண்டாள். மாடியிலிருந்து இறங்கி வந்த சைலஜா மேடம் ஒரு கோடியிலிருந்து பார்த்துக்கொண்டே நடந்தார்.

"இவங்க எல்லாம் ஒரே குடும்பமா வினோதினி?"

"இல்ல மேடம். வேற வேற ஆளுங்க."

"ஒரே ஜாடையா இருக்கே."

வினோதினி ஸ்டூலிலிருந்து இறங்கி, கண்ணாடியைச் சேலை முந்தியில் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தாள்.

அறுபத்தோரு முகத்திலும் ஒரு பக்கப் புருவம் மேலே ஏறியிருந்தது. அறுபத்தோரு நெற்றியிலும் சுருள் முடி. வல்லரசுக்குத் தலையில் ஒரு முடி கிடையாது, முழு வழுக்கை. அவனுக்கும் சுருள் விழுந்திருந்தது. சரசு அவ்வளவு பேசிய அந்தத் தழும்பைக் காணோம். ஆர்த்திக்கு லேசாக மீசை நிழல் தட்டியது. கை நடுங்க வரைந்தது, கோணலாக வரைந்தது எல்லாம் இருந்தது. ஆனால் எல்லாம் தீரேந்தர். ஒருத்தரை ஒருத்தர் பார்த்தார்கள்தான். கை மட்டும் பழகிய வழியில் போய்விட்டது.

"சட்டத்தை யாரும் மீறலியேக்கா" என்றாள் சரசு குரல் இறங்கி. "நான் வல்லரசு அண்ணனைப் பாத்துத்தான் வரைஞ்சேன். சாமி சத்தியமா."

"தெரியும் சரசு."

அவர்களைச் சொல்லி என்ன? கடைக்குப் பேனர் அடிக்க வருகிறவர்கள், "அக்கா, புருவத்தைக் கொஞ்சம் தலைவர் மாதிரி தூக்கிவுடுக்கா" என்பார்கள். பத்தொன்பது வருஷத்தில் எத்தனை புருவத்தை அவளே மவுஸால் தூக்கிவிட்டிருப்பாள்!

பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். நாளைக்குச் சாயங்காலம் கூடம் திறக்க வேண்டும். இத்தனை நாள் நடந்த நடையும் விட்ட தூக்கமும் எதற்கென்று ஒரே கேள்வியாக வந்து முன்னால் நின்றது. ஒரு முகமாவது, ஒரே ஒரு முகமாவது, எதிரே இருந்த மனுஷரைப் பார்த்து வரைந்ததாக இருந்தால் போதும், அண்ணாமலையாரே, என்று வேண்டிக்கொண்டாள். இரண்டு துண்டு மிச்சம் இருந்தது. ஒன்று காசிக்கு. மன்றத்துத் தலைவன் முகம் இல்லாமல் அறுபத்துமூன்று எப்படி? இன்னொன்றை வெளியூர் ஆள் யாருக்காவது கொடுக்கலாம் என்றிருந்தாள். சரசுதான், "ஏன், நீ இல்லியா? மன்றத்துக்கு நீ அவிச்ச சுண்டலை வரிசையா வச்சா கிரிவலமே சுத்தி வந்துடும்" என்று சொல்லியிருந்தாள்.

மத்தியானம் ஒன்றரைக்கு காசி சாப்பாட்டுப் பொட்டலத்தோடு வந்தான். ஆட்டோவை வாசலில் நிறுத்திவிட்டு, கூடத்துக்குள் நுழைந்ததும் நின்றுவிட்டான். முகம் மலர்ந்தது.

"தலைவர் வேணாம்னு சொல்லிட்டு, இவ்ளோ தலைவரை மாட்டி வச்சிருக்கியே!"

வினோதினி நிமிர்ந்தாள். கண்ணில் தண்ணீர் நின்றது. காசி ஒன்றும் புரியாமல் சரசுவைப் பார்த்தான். சரசு சொன்னாள். கேட்டுவிட்டு அவன் ஒவ்வொரு துணியாகக் கிட்டே போய்ப் பார்த்தான். வல்லரசுவின் துணி முன்னால் ரொம்ப நேரம் நின்றான்.

"இவனுக்கு ஏது முடி?" என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டான்.

"நீ வரைண்ணா" என்றாள் சரசு. "இன்னும் ரெண்டு துணி இருக்குது. அக்காவை வரை."

"எனக்குப் பொம்பளை மூஞ்சி வராது."

"ஆமா, வராது. அந்த ஆளு மூஞ்சியைக் கண்ணை மூடிக்கினு போடுவ. பொண்டாட்டி மூஞ்சியைக் கண்ணைத் தொறந்துக்கினு போடத் தெரியாது. பெரிய தலைவரு!"

அவன் காது சிவந்துபோனது. ஒரு நாற்காலியை இழுத்து வினோதினிக்கு எதிரே போட்டு உட்கார்ந்தான். மடியில் அட்டை, அட்டைமேல் துணி. "நேரா பாரு" என்றான். பார்த்தாள். அவன் கையில் மார்க்கர் தைரியமாக ஓடியது. இரண்டே நிமிஷம். நிமிர்ந்து பார்த்துவிட்டுத் துணியைப் பார்த்தவன், "ஐயோ, இவர் வந்துட்டாரே" என்றான்.

மார்க்கர் மை துணியில் அழியாது. மிச்சமிருந்த காடாத் துணியில் சரசு அவசர அவசரமாக இன்னும் இரண்டு துண்டு வெட்டிக் கொடுத்தாள். இந்த முறை மெதுவாக வரைந்தான். மூக்கு வரைக்கும் சரியாக வந்தது. புருவத்துக்கு வந்ததும் கை தானாக மேலே போனது. "சே!" என்று அதையும் மடித்து வைத்தான்.

"விடுங்க, பரவால்ல" என்றாள் வினோதினி. அவள் அதைச் சலித்துக்கொண்டு சொல்லவில்லை. நிஜமாகவே விட்டுவிட்டாள். வெளியே செங்கம் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனது. ஃபேன் காற்று இதமாக இருந்தது. அவ்வளவுதான் அவளுக்குத் தெரியும்.

முழித்தபோது கழுத்து ஒரு பக்கமாகத் தொங்கிக்கொண்டிருந்தது. வாயோரம் எச்சில். வெயில் சன்னலைத் தாண்டி இறங்கியிருந்தது. கூடத்தில் சத்தமே இல்லை. காசி இன்னும் எதிரேதான் உட்கார்ந்திருந்தான், நாற்காலியை ஒரு சாண் முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு. சரசு அவன் பின்னால் நின்று வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

"ஆடாத, ஆடாத. இன்னும் காது பாக்கி" என்றான் காசி.

"எவ்ளோ நேரம் தூங்கினேன்?"

"ஒண்ணேகால் மணி நேரம்" என்றாள் சரசு. "சவாரிக்கு மூணு போன் வந்துச்சு, எடுக்கலியே உன் ஊட்டுக்காரரு!"

காதை முடித்துவிட்டு அவன் துணியைத் திருப்பிக் காட்டினான். தலை சாய்ந்து, வாய் கொஞ்சம் திறந்து, கண்ணாடி மூக்குக்கு இறங்கி, தாடைக்குக் கீழே சதை மடிந்து, கழுத்து நரம்பு புடைத்து ஒரு பொம்பளை தூங்கிக்கொண்டிருந்தாள். கண்ணுக்குக் கீழே கறுப்பு. இரண்டு புருவமும் தளர்ந்து அதது இடத்தில் கிடந்தது.

வினோதினிக்கு முதலில் வெட்கம்தான் வந்தது. "வாயைப் பொளந்துக்கினு... இதையா போய் வரைவீங்க?"

"நான் இன்னா பண்ணட்டும்? தலைவர் எந்தப் படத்துலயும் இப்டித் தூங்கினதே இல்லியே. எனக்குத் தெரிஞ்ச மாதிரி ஒண்ணுமே இல்ல. உன்னைப் பாக்காம ஒரு கோடு போட முடியல." கொஞ்சம் நிறுத்திக் கேட்டான். "ஏம்மே, இந்தக் காதோரம் மச்சம் எப்போ வந்துச்சு?"

"பொறந்ததுலேர்ந்து இருக்குது."

காசி குனிந்து மார்க்கரை மூடினான். "சுத்தம்!" என்றாள் சரசு. அப்புறம் அவளுக்கே சங்கடமாகி, பூ கட்டப் போக வேண்டும் என்று கிளம்பிவிட்டாள். போகிறபோது, "மத்ததெல்லாம் இறக்கிடலாமாக்கா?" என்று கேட்டாள்.

வினோதினி கயிற்றைப் பார்த்தாள். "வேணாம். அவங்க ஆசையா வரைஞ்சது. இருக்கட்டும். இதையும் நடுவுல மாட்டு."

சரசு அந்தத் துணியை வாங்கி மாட்டிவிட்டுப் போனாள்.

இப்போது ஒரே ஒரு துண்டு பாக்கி. வினோதினி எழுந்து முகம் கழுவிக்கொண்டு வந்து, அட்டையை மடியில் வைத்துக்கொண்டாள். "உக்காருங்க. உங்க மூஞ்சி."

காசி மறுக்கவில்லை. சட்டைக் காலரைச் சரிசெய்தான், தலையைக் கோதினான், நெஞ்சை நிமிர்த்தி உட்கார்ந்தான். உட்கார்ந்த கணமே ஒரு புருவம் மேலே போனது.

"புருவத்தை இறக்குங்க."

"இறக்கித்தானே வச்சிருக்கேன்."

அவன் பொய் சொல்லவில்லை. அவன் மனசில் அது இறங்கித்தான் இருந்தது. வினோதினி மார்க்கரின் மூடியைத் திறக்காமலேயே வைத்துக்கொண்டாள்.

"இன்னா, வரையலியா?"

"வரையறேன். உக்காந்திருங்க. அவசரம் ஒண்ணும் இல்ல."

ஐந்து நிமிஷம் போனது. பத்து நிமிஷம் போனது. நாளைக்கு வரப்போகும் கூட்டத்துக்காக ரோட்டோரம் யாரோ பந்தலுக்குக் கம்பு நடுகிற சத்தம் கேட்டது. காசி முதலில் எதையோ பேசினான். அப்புறம் பேச்சு நின்றது. விடிகாலை நாலு மணியிலிருந்து ஆட்டோ ஓட்டிய உடம்பு. நெஞ்சு கொஞ்சம் இறங்கியது. தோள் தொங்கியது. கண் அவளிடமே இருந்தது, ஆனால் காட்டிக்கொள்கிற பார்வை அதில் இல்லை. ஐம்பத்திரண்டு வயதும் வெயிலும் மெதுவாக முகத்துக்கு வந்தன. புருவம் எப்போது இறங்கியதென்று அவனுக்குத் தெரியாது.

வினோதினி சத்தமில்லாமல் மூடியைக் கழற்றினாள்.